தடங்கல்

டூமா வீதி, மஞ்சள் சுவர் வீடு.
செட்டாப் பாக்ஸ் மாற்றப் போயிருந்தேன்.
லியோனி சவரிராயன், வயது எண்பத்தொன்பது.
பாரீஸில் டிவி கறுப்பு வெள்ளையாய் இருந்தபோது
அடுத்து என்ன வரும் என்று
நாட்டுக்கே சொன்னவராம்.
உதட்டுக்கு நீலச் சாயம்;
சிவப்பு, கேமராவில் செத்துப்போகுமாம்.
மேசைக்கடியில் வெறுங்கால்.

ஏன் விட்டீங்க?

"எவனோ எழுதியதைச் சிரித்துக்கொண்டே படித்தேன்,
எட்டு வருஷம்.
பிறகு நான் எழுதினேன்.
என் பெண்கள்
தேவைப்பட்டால்தான் சிரித்தார்கள்."

பதினோரு படமாம்.
நம்ம கேபிளில் ஒன்றும் வராது.

அதைச் சொல்வதற்குள் கரண்ட் போச்சு.
இருட்டில் நாற்காலி கிரீச்சிட்டது, நிமிர்கிறார்.
பிரெஞ்சில் ஏதோ ஒரு வரி,
நிறுத்தி, நிதானமாக.
எனக்கு பிரெஞ்சு தெரியாது.
தடங்கலுக்கு வருந்துகிறோம் என்றுதான் இருக்கும்.

"பரவாயில்ல மதாம்" என்று
செல்போன் டார்ச்சை அடித்தேன்,
நேராக முகத்தில் பட்டுவிட்டது.

கண் கூசவில்லை அவருக்கு.