கட்

கோர்லிட்ஸில் மைனஸ் நான்கு.
படத்தில் இது பாரிஸ்.
ஷிஃபான் புடவைக்குள்
வெந்நீர்ப் பை கட்டியிருக்கிறேன்;
சிரித்தால் குலுங்குகிறது.

பதினாறு வருடம் முன்
கிளாப் பலகை தூக்க வந்தவள்.
நாயகி வராத ஒரு காலையில்
லைட்டிங் பார்க்க நிற்கச் சொன்னார்கள்.
இன்னும் நிற்கிறேன்.

கேமரா தப்பான பக்கம் இருக்கிறது.
மூடிய ரொட்டிக்கடைக் கண்ணாடியில் பார்த்தால்
டிராமும் நானும் ஒன்றாக வருவோம்.
யார் கேட்டார்கள்?

மூன்றாவது டேக்.
சைக்கிளோடு ஒரு தபால்காரி
ஃப்ரேமுக்குள் வந்து
என் வெறும் தோளை அதிசயமாகப் பார்த்தாள்.

'கட்!'
என் வாய்தான்.

நாற்பது பேரும் நின்றார்கள்.
பாட்டு நின்றது.
மானிட்டரிலிருந்து இயக்குநரின் தலை
மெதுவாக மேலே வந்தது.

டிரைபாடின் ஒரு காலைத் தூக்கிக்கொண்டு
இன்பசேகர் மட்டும்
'எங்க வைக்க?' என்றான்.