எட்டு வாரத்துக்கு ஒரு செவ்வாய்

இந்தப் படகில் கழிப்பறை மூன்று.
இரண்டாவதின் தாழ் சரியில்லை.
துறைமுகத்து மீன்கடைக்காரன் சாவி தருவான்,
பெட்ரோல் நிலையத்துப் பெண் தரமாட்டாள்.
பதினோரு வருடம்
ஃபரோ தீவுகளை நான் இப்படித்தான் படித்தேன்:
எந்த வளைவில் கதவு,
கதவுக்கு எத்தனை ஓட்டம்.

டிக்கெட் கிழிப்பவன். பெயர் ஹேயின்.
பயணிகளுக்கு நான்
வேகமாக நடக்கும் ஓர் ஆள், அவ்வளவுதான்.

ஒரு சாண் வயிறு என்று சொல்லிவிடுகிறோம்.
உள்ளே ஏழெட்டு மீட்டர்,
படகு கட்டும் வடம்போல் சுருண்டு கிடப்பது.
அதில் ஒரு முழம் சிவந்தால் போதும்,
ஆள் முழுக்கப் புண்.

வேலியே பயிரை மேய்கிறது, என்றார் மருத்துவர்.
எங்களுக்கு வேலி ஏது? கற்சுவர்தான்.
அன்றிரவு கனவில்
சுவர் இறங்கிப் போய்ப் புல் தின்றது.
ஆடுகள் ஒதுங்கி நின்று பார்த்தன.

இப்போது எட்டு வாரத்துக்கு ஒரு செவ்வாய்,
டோர்ஸ்ஹவ்ன் மருத்துவமனை, ஜன்னலோர நாற்காலி.
பெர்க்லியோட் புறங்கையைத் தட்டி நரம்பு தேடுவாள்.
நிறமற்ற ஒன்று இரண்டு மணி நேரம் சொட்டும்.
இது உருவானதில் எலிக்கும் பங்குண்டு
என்று அவள் சொன்ன நாளில்
கொட்டகையில் பொறி வைக்க மனம் வரவில்லை.
மறுநாள் வைத்தேன்.

என்னதான் செய்கிறது இது, என்று கேட்டேன்.
உனக்குள் ஒருவன் ஓயாமல்
தீ தீ என்று கத்துகிறான்,
அவன் வாயைப் பொத்துகிறது.
அப்படியானால் தீயை யார் அணைப்பது?
பாதித் தீ
அவன் கத்தியதால் மூண்டது, என்றாள்.

இப்போதெல்லாம் குழாய் விட்டுப் பார்ப்பதுகூடக் குறைவு.
வயிற்றின் மேல் ஜில்லென்று பசை,
திரையில் சாம்பல் நிறத்தில் என் குடல் சுவர்.
போன வருடம் ஏழு மில்லிமீட்டர்.
இன்று மூன்று.
தணிந்திருக்கிறது, என்றார்.
போய்விட்டது என்று சொல்லவில்லை.
நானும் கேட்கவில்லை.

உலகிலேயே இங்கேதான் அதிகம் என்கிறார்கள்.
ஏன் என்று கேட்டு
சில்யா என்ற பெண் வீடுவீடாக வருகிறாள்.
குழந்தையில் என்ன குடித்தாய்,
எத்தனை ஆன்டிபயாடிக்,
திமிங்கிலக் கறி வாரத்துக்கு எத்தனை நாள்.
என் டப்பா, மூடிபோட்டு, தேதி எழுதி,
ஃப்ரீசரில் ஆட்டுத்தலைக்குப் பக்கத்தில் இருந்தது.
டென்மார்க் போய்க் குடியேறியவர்களுக்கு
ஆண்டு செல்லச்செல்லக் குறைகிறதாம்.
அப்போது நீரா? காற்றா? நாங்களேவா?
தெரியவில்லை, என்று எழுதிக்கொண்டாள்,
அதுவும் ஒரு விடைபோல.

அக்கா ரன்வா பள்ளிப் பேருந்து ஓட்டுகிறாள்.
பத்தொன்பது வயதில், எண்பத்தாறில்,
கோபன்ஹேகனில் அவள் பெருங்குடலை எடுத்துவிட்டார்கள்.
அன்று இருந்த வைத்தியம் அது.
ஸ்வெட்டருக்குள் பையோடு
முப்பத்தெட்டுக் குளிர்காலம்.
ஒரு செவ்வாய் அவளும் கூட வந்தாள்.
சொட்டுவதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.
எனக்கு முகம் தூக்க முடியவில்லை.
பதினேழு வருடம் பிந்திப் பிறந்தது தவிர
நான் செய்தது என்ன?
வயிற்றெரிச்சலா இருக்கா, என்றேன் கடைசியில்.
எரிய எனக்கு என்னடா மிச்சம்,
என்று அவள் சிரித்த சிரிப்பில்
பக்கத்து நாற்காலிக் கிழவர் விழித்துக்கொண்டார்.
திரும்பும் வழியில்
பேருந்தை வழக்கத்தைவிட வேகமாக ஓட்டினாள்.

நேற்று மாலைப் படகு. நல்ல அலை.
பதினைந்து வயதிருக்கும், காதில் கருவி,
இருக்கைகளைப் பிடித்துப் பிடித்து ஒரு பெண்,
கண் மட்டும் பலகைகளைத் தேடியபடி.
அந்த நடை எனக்குத் தெரியும்.
டிக்கெட் கேட்கவில்லை.
மூன்றாவதுக்குப் போ, என்றேன்,
இரண்டாவதில் தாழ் சரியில்லை.