மாலைக்கு ஐம்பது வெள்ளி

ஜாலான் ஈப்போவில் டயர் கடைக்கு மேலே,
இரண்டாவது மாடி.
படியேறும்வரை தவமலர்.
திருப்பத்தில் நின்று
ரப்பர் செருப்பைப் பையில் போட்டு
குதிகால் செருப்புக்கு மாறும்போது
கொஞ்ச நேரம் யாருமில்லை.
கதவு திறந்தால் ஷனாயா.

மாலைக்கு ஐம்பது வெள்ளி.
கிரீடம் என்றால் ஐந்நூறு.
டிஜே மைக்கில் கூவுவான்:
"ஷனாயாவுக்கு, அஞ்சாம் நம்பர் மேசை பாஸ், ஒரு மாலை!"
பிளாஸ்டிக் சாமந்தி.
பாட்டு முடிந்ததும் கழற்றி
கவுண்டரில் திருப்பிக் கொடுக்க வேண்டும்.
பத்து நிமிடத்தில் அதையே
இன்னொரு பாஸுக்கு விற்பார்கள்.
எனக்கு அதில் பதினைந்து.

மூன்றாம் பாட்டுக்கு அப்புறம்
எல்லோரும் கேட்பது ஒன்றுதான்.
"இது மேடைப் பேரு. உன் உண்மையான பேரு என்ன?"
அதற்கென்றே ஒன்று வைத்திருக்கிறேன்: சுமதி.
உடனே சொல்லக்கூடாது.
கிளாஸின் விளிம்பைப் பார்க்க வேண்டும்.
"யார்கிட்டயும் சொல்லிறாதீங்க" என்று
குரலை இறக்க வேண்டும்.
சுமதிக்கு ஊர் தைப்பிங்.
படுக்கையில் கிடக்கும் ஓர் அப்பா உண்டு.
(என் அப்பா செராசில் பள்ளி பஸ் ஓட்டுகிறார்.
திடமாக இருக்கிறார்.
நான் ஓட்டல் ஒன்றில் இரவு ஷிஃப்ட் என்று நம்புகிறார்.)
சுமதியால் மட்டும் போன வருஷம் மூன்று கிரீடம்.

இடுப்பு என்னுடையது, வேர்வை என்னுடையது,
அதையெல்லாம் ஒருத்தரும் சந்தேகப்பட்டதில்லை.
பெயரைத்தான் உரசிப் பார்க்கிறார்கள்.

ரவாங்கில் லாரி வைத்திருக்கும் ராஜா சார்
சுமதியை நம்பவில்லை.
"பொய். உன் முகத்துக்கு அந்தப் பேரு ஒட்டல."
வெள்ளிக்கிழமை தவறாமல் வருவார். தொடமாட்டார்.
"ஒரே ஒரு தடவை நீ நீயா இரு" என்பார்,
மாலைக்குக் காசை எண்ணிக்கொண்டே.

ஒரு ராத்திரி கணுக்கால் பிசகி நொண்டினேன்.
புது ஸ்டெப் என்று விசிலடித்தார்கள்.
அந்த நொண்டலுக்கு மூன்று மாலை.
வலியோ அலுப்போ, ஏனென்று இன்னும் தெரியவில்லை,
அன்றைக்கு ராஜா சாரிடம் சொல்லிவிட்டேன்:
தவமலர்.
சிரித்தார்.
"சுமதியே தேவலாம்.
எந்தக் காலத்துப் பேரும்மா இது,
நல்லா கண்டுபிடிக்கிற."

மேக்கப் அறையில் பிரிஷாவிடம் சொன்னேன்.
"அடிப்பாவி, அதுக்கு பில் போடாம விட்டியா?" என்றாள்.

அடுத்த வாரம், பதினொன்றரைக்கு,
எல்லா விளக்கும் ஒரே நேரத்தில் எரிந்தது.
டியூப் லைட்டில்
சோபாவின் கிழிசல் தெரிந்தது,
என் முப்பத்திரண்டும் தெரிந்தது.
ஆண்கள் ஒரு வரிசை. பெண்கள் ஒரு வரிசை.
ஐசியை எல்லாம் வாங்கி வைத்துக்கொண்டு
போலீஸ்காரர் வாசித்தார்:
"தவமலர் ஆனாக் பெரெம்புவான் குப்பன்."
யாரும் அசையவில்லை.
இன்னொரு முறை வாசித்தார்.
நானும் திரும்பிப் பார்த்தேன்,
யாரது, கூப்பிடக் கூப்பிட வாயைத் திறக்காமல் நிற்பவள் என்று.

எதிர் வரிசையில்
ராஜா சாரின் முகம் எப்படியோ ஆகியிருந்தது.
அப்புறம் அவர் முறை.
"சின்னப்பன் ஆனாக் லெலாகி ஆரோக்கியம்."
தரையைப் பார்த்துக்கொண்டே முன்னால் போனார்.

இரண்டு வாரம் கதவில் சங்கிலி.
மூன்றாம் வெள்ளி வந்தார். அதே மேசை.
"வாங்க ராஜா சார்" என்றேன்.
ஐஸ் கட்டியைக் கொஞ்ச நேரம் கிளறினார்.
"கால் பரவால்லயா," என்றவர்
ஏதோ ஒரு எழுத்தில் நாக்கு இடறி,
"ஷனாயா?" என்று முடித்தார்.

டிஜே கூவினான். மாலை விழுந்தது.
இடது பக்கம் பூ ஒன்று பிய்ந்து
நரம்பு நீட்டிக்கொண்டிருக்கும் மாலை.
எனக்கு இதைத் தெரியும்,
தோளில் அதே இடத்தில் குத்தும்.