எட்டுக்கு ரெண்டு

சுபுஹு முடிந்து அரைமணி.
வெண்ணாற்றுப் பாலத்தில் பனி இன்னும் விலகவில்லை.
கூத்தாநல்லூரில் இந்த நேரத்துக்கு
இபுராம்சா கடையில் முதல் ஆள் நான்தான்.

அரைத்து வைத்தது வேண்டாம் என்கிறேன்.
நேற்று யார் யார் வாங்கியதன் மிச்சமோ
அந்த மிஷின் தொண்டையில் இருக்கிறது.
துண்டைக் காட்டு, பிறகு அரை.

கொக்கியில் தொடை தொங்குகிறது,
நாவல்பழத்தை நசுக்கின நிறம்.
பக்கத்தில் நெஞ்சுக்கறி,
சிவப்பின் நடுவே வெள்ளை
பிரிந்து, பிரிந்ததில் மறுபடி பிரிந்து.
பொதுப்பணித்துறை ஆபீஸ் சுவரில்
காவிரியை இப்படித்தான் வரைந்திருந்தார்கள்,
வெட்டாறு, வெண்ணாறு, கோரையாறு என்று,
கடைசியில் பேரில்லாத வாய்க்கால் வரைக்கும்.

கடை போட்ட முதல் மாதம்
இதெல்லாம் எனக்குத் தெரியாது.
ஒரு நூல் கொழுப்பில்லாமல் சீவித் தரச் சொன்னேன்.
சுத்தமான பொருள், ஊர் வாழ்த்தும் என்று நினைப்பு.
கபாப் கம்பியை விட்டு நழுவிக் கரியில் விழுந்தது.
விழாதது செருப்பு வாராய்ச் சுருண்டது.
டியூஷன் விட்டு வந்த பையன் ஒருத்தன்
மென்றுகொண்டே கேட்டான்:
"லாத்தா, இதுக்குத் தண்ணி தனிக் காசா?"

அடுத்து பாதிக்குப் பாதி.
கிலோ விலை இறங்கியதில் எனக்குக் குஷி.
உள்ளங்கை அகலம் தட்டிப் போட்ட கட்லெட்
பத்து ரூபாய்க் காசாய்ச் சுருங்கியது.
மீதி, சட்டியில் மிதந்தது.
ஒரு கிலோ போட்டு, வெந்ததை எடுத்து நிறுத்தேன்.
அறுநூறு கிராம் சொச்சம்.
அன்றைக்குத்தான் கணக்கு நோட்டு வாங்கினேன்.

எட்டுக்கு ரெண்டு.
அங்கே வந்து சேர நாலு மாதம் ஆனது.
தொடை ஒன்றரைக் கிலோ, நெஞ்சு ஒரு கிலோ,
குளிர் விடுவதற்குள் அரைத்துவிட வேண்டும்.
விரலில் தேய்த்தால் மெழுகு மாதிரி
மெல்லிசாய் ஒன்று நிற்கணும், வழியக் கூடாது.
வரப்பு அணைக்க மண் எடுக்கிறவர்கள்
கையில் உருட்டிப் பார்ப்பார்களே, அந்தப் பதம்.
காய்ந்தால் உதிரும், இளகினால் ஓடும்.
மஞ்சள் கொழுப்பென்றால் மாட்டுக்கு வயசு,
அதை நான் தொடுவதில்லை.
வீட்டுக்குக் கைமாக் குழம்பு என்றால்
ஒன்பதுக்கு ஒன்றே தாராளம்;
மேலே மிதக்கிறதை யார் வழித்துக்கொண்டிருப்பது.

மன்னார்குடி பேங்க்காரர் ஒருத்தர்
நெஞ்சில் ஸ்டென்ட் வைத்தவர்,
வியாழக்கிழமை வருவார், கொழுப்பே ஆகாது.
அவருக்குத் தொடை மட்டும்,
வதக்கின வெங்காயம், பாலில் ஊறின ரொட்டி.
ஆற்றில் வராத ஈரத்தை
போர் போட்டு இறைக்கிற கதைதான்.
நன்றாக இருக்கிறது என்பார்.
சுமார்தான். எனக்குத் தெரியும்.

என் வீட்டுக்காரர் புரூணையில்.
அவர் தம்பி ஜபருல்லா
டீக்கடையில் சொன்னாராம்,
புருஷன் காசு அனுப்புகிறபோதே
ரோட்டில் அடுப்பு வைக்கிறாள்,
பரக்கத்துக்குக் கொழுப்பு.

நூற்றுக்கு எத்தனை என்று
கேட்டனுப்பத்தான் தோன்றியது.
அதற்குள் அடுப்பில் ஆறு கம்பி.

போன ஞாயிறு அவரே வந்தார்.
நின்றபடி ரெண்டு தின்றார்.
தாடியில் நெய் மினுமினுக்க
ஒன்றும் பேசவில்லை.
நாலு பார்சல் கட்டச் சொன்னார்.
கட்டினேன். முழு விலைதான்.

இபுராம்சா தட்டில் கறியை வைக்கிறான்,
கீழே ரெட்டையாய் மடித்த பேப்பரோடு.
முள் ஆடி நிற்கிறது.
பேப்பரை எடு என்கிறேன்.

"உனக்குக் கொ" என்று ஆரம்பித்தவன்
என் முகத்தைப் பார்த்துவிட்டு
மிஷின் சுவிட்சைப் போடுகிறான்.