இரண்டாவது தூயா

தூயா என்றான் நாற்றுமேடைக்காரன்.
தூய என்ற சொல்லைக் கொஞ்சம் இழுத்துவிட்டான் என்று நினைத்தேன்.
சட்டிக் கழுத்தில் கட்டிய அட்டையிலும்
அதுவே எழுதியிருந்தது,
கீழே விலை,
சோடிக்கு.

நுவரெலியாவிலிருந்து லொறியில் வந்தவை.
அதற்கு முன்னம் சீனாவாம்,
கோயில் முற்றங்களில் ஆயிரம் வருஷம் நிற்குமாம்.
உரும்பிராயில் ரூபகாந்தனின் கேற்றுக்கு
இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று
இறக்கி வைத்தோம்,
குடிபூரலுக்கு முதல்நாள் பின்னேரம்.

இலையென்று சொல்ல ஒன்றுமில்லை.
தட்டையான பச்சைப் பின்னல்கள்,
அலுமாரியில் நிறுத்திய கொப்பிகள் மாதிரி
எல்லாம் விளிம்பைக் காட்டிக்கொண்டு.
கசக்கினால் புதுத் தளபாடத்தின் வாசம்.
விரல்நுனி அளவில் காய்கள், நீலம் பூத்து,
ஒவ்வொன்றிலும் சின்னச் சின்னக் கொம்பு.
நளாயினி ஒன்றைப் பிடுங்கிக்
கைப்பைக்குள் போட்டதைக் கண்டேன்.
நாலாம் நாள் பறந்துவிட்டார்கள்.

சாவி என்னிடம்.
முப்பத்தொரு வருஷம் மீற்றர் வாசித்தவன்;
பூட்டிய வீடு எனக்குப் புதிதல்ல.
ஒரு பல்ப் மட்டும் எரிகிற வீட்டில்
சக்கரம் எப்படிச் சுற்றும் என்று தெரியும்.

"காலமை ஒருக்கா, பின்னேரம் ஒருக்கா
தண்ணி விடுங்கோ அண்ணை."
விட்டேன்.
சோளகம் மதிலில் மோதிச் செம்மண் தூவிய நாள்களில்
மத்தியானமும் விட்டேன்.
கிணற்றுச் சுண்ணாம்பு சட்டி விளிம்பில்
வெள்ளைக் கோடாய் ஏறியது.

ஞாயிறு பின்னேரம் ஆறு மணிக்கு,
அங்கே அவர் காலைக் கோப்பியோடு,
வீடியோவில் வருவார்.
வலது மரம். இடது மரம்.
பிறகு கிணறு,
பிறகு பின்கதவுப் பூட்டு.

அடுத்த வளவுச் செல்வமலர்தான்
மிளகாய் காயப்போட்டபடி மதிலுக்கு மேலால் சொன்னா:
"இடப்பக்கத்தான் சரியில்லை."
எனக்கு இரண்டும் ஒரே பச்சை.
"நகத்தாலை சுரண்டிப் பாருங்கோவன்."
சுரண்டினேன்.
தோலுக்குக் கீழே பேரீச்சம்பழ நிறம்.
சட்டியைச் சரித்தால்
வேர் கறுத்து, சேற்று மணம்.

நான் விட்ட தண்ணி.

பூவரசு என்றால் முதல் கிழமையே மஞ்சளாகி
தன் சங்கதியைச் சொல்லிவிடும்.
கிளுவங் கதியாலோ, வெட்டி ஊன்றினாலே துளிர்க்கும்.
இது செத்துப்போய்ப் பச்சையாய் நின்றது
எத்தனை நாளோ,
நானும் தண்ணி விட்டபடி.

பிறகு ஒரே கிழமைக்குள் தவிட்டு நிறம்.
தொட்ட இடமெல்லாம் உதிர்ந்தது.
திருநெல்வேலி நாற்றுமேடையில் இல்லை;
மாரிக்குப் பிறகுதான் லொறி வருமாம்.

அந்த ஞாயிறு
வலது மரத்தைக் காட்டினேன்.
போனை நெஞ்சோடு அணைத்து நாலடி நடந்து,
செருப்புச் சத்தம் கேட்கட்டும் என்று கொஞ்சம் இழுத்து நடந்து,
அதே மரத்தை
மற்றப் பக்கத்திலிருந்து காட்டினேன்.
"ரெண்டும் நல்லா வந்திருக்கு," என்றார்.

"நளாயினி எங்கை, காணேல்லை?"
"குசினிக்கை நிக்கிறா."
போன கிழமையும் குசினி.
அதற்கு முதல் கிழமை வேலைக்குப் போய்விட்டா.
குசினி அவருக்குப் பின்னால்தான் தெரிந்தது:
தொட்டியில் ஒரு கோப்பை, ஒரு கரண்டி,
யன்னல் விளிம்பில் கொம்பு வைத்த காய் ஒன்று,
காய்ந்து வெடித்து.
மீற்றர் வாசித்த கண்.
பார்க்காமல் இருக்கத் தெரியாது.

"கேட்டதாச் சொல்லுங்கோ."
"சொல்லுறன் அண்ணை."
அவர் போனைத் திருப்பவில்லை.
நானும் திருப்பவில்லை.

கிணற்றைக் காட்டினேன்.
பின்கதவுப் பூட்டை இழுத்துக் காட்டினேன்.
வைத்துவிட்டார்.

வலது மரத்துக்கு அன்று தண்ணி விடவில்லை.
விரலைச் சட்டி மண்ணுக்குள் இறக்கினேன்,
இரண்டாம் கணு வரைக்கும்.
ஈரம் இருந்தது.