சந்தா பாக்கி

பதிவேட்டின் முப்பத்தோராம் பக்கம்.
எட்வின் றொசைரோ, வின்ச் இயக்குநர்,
மாதச் சந்தா ஐம்பது சதம்.
என் கையெழுத்துத்தான்; அப்போது எழுத்து நேராக நின்றது.

சீனன்குடாத் துறையில்
கோதுமை மூடைகளோடு கயிறு அறுந்து
அனிபாவின் மேல் விழுந்த அன்று
கம்பனி ஒரு மூடை மாவும்
நாலு யார் வெள்ளைத் துணியும் அனுப்பியது.
றொசைரோ வின்ச்சை நிறுத்தினான்.
தமிழில் ஒரு தடவை, சிங்களத்தில் ஒரு தடவை,
கப்டனுக்கு விளங்க உடைந்த இங்கிலீசில் ஒரு தடவை
ஒரே சொல்லைச் சொன்னான்:
இல்லை.
சுமனதாச முதலில் இறங்கினான்.
பிறகு எல்லாரும்.

எண்பதாம் ஆண்டு ஜூலை வேலைநிறுத்தத்தோடு
எங்கள் வேலை போனது.
நான் பாலையூற்றில் சைக்கிள் கடை போட்டேன்.
அவன் கிரேக்கக் கப்பலொன்றில் எண்ணெய் துடைக்கப் போனான்.

மற்றதெல்லாம் தபாலட்டைகள்.
ரொட்டர்டாம்: கப்பல் பரிசோதகர்.
மொம்பாசா: வட்டாரச் செயலாளர்.
ஜெனீவா: உப தலைவர். பின்பக்கம் கிறுக்கலாக,
"இங்கே மேசை நீளம். அடுத்த முனையில் இருப்பவன்
பேசுவதைக் கேட்கக் காதில் கருவி மாட்டுகிறோம்."

யுத்தம் சில வருடம் தபாலையும் பிடித்து வைத்தது.
ஒரு முறை பத்திரிகையில் படம்: கோட்டு, டை.
இடக்கை மட்டும் பழையபடி,
லீவரைப் பிடித்ததுபோல் பாதி மூடி.

போன பங்குனியில் வந்தான், ஓய்வுபெற்று.
உப்புவெளி ஹோட்டலில் மூன்று நாள் என்றான்.
இரண்டாம் நாள் உட்துறைமுக வீதியில் நடக்கையில்
பனாமாக் கொடியோடு ஒரு கப்பல் கண்ணில் பட்டது.
சொந்தக்காரன் கைவிட்டது. பதினொரு மாதச் சம்பளம் இல்லை.
பர்மாக்காரரும் பிலிப்பைன்காரருமாய்ப் பதினாறு பேர்.
துறைமுக வாசலில் பாஸ் கேட்டார்கள்.
காட்போட் தின்றுகொண்டிருந்த மான் ஒன்று
எங்களைத் தாண்டி உள்ளே போனது.

மூதூர் நளீமின் வள்ளத்தில் போனோம்,
தண்ணீர்க் கலன் ஆறு, கருவாடு, ஒரு பெட்டி பிஸ்கட்.
எழுபத்திமூன்று வயதைக் கயிற்றேணி ஏற்கவில்லை.
கீழேயே நின்று அண்ணாந்து கத்தினான்,
அதே உடைந்த இங்கிலீசில்.
மேலிருந்து ஒரு வாளி இறங்கியது.
உள்ளே ஈரத்தாளில் பதினாறு பெயர்.

இரவு கடைக்கு வந்து ஒவ்வொன்றாய் வாசித்தான்,
பிழையில்லாமல் எழுதச் சொல்லி.
எழுதி முடித்துப் பழைய பதிவேட்டைக் காட்டினேன்.
"உன்ர பேரை நான் வெட்டவேயில்லை.
பாக்கி இருநூற்று அறுபத்திரண்டு ரூபா."
இன்றைக்கு அது இரண்டு றாத்தல் பாண்.

ஐந்நூறு ரூபாத் தாளை நீட்டி
ரசீது கேட்டான்.
ரசீதுப் புத்தகம் எண்பதிலேயே முடிந்துபோச்சு என்றேன்.
"அப்ப அச்சடி," என்றான்,
"என்னோட பதினேழு வேணும்."