பேனா மூடி

நியேரியில் பழைய நீதிமன்றத்துக்கு
வெள்ளையடிக்கவும்
அடித்த வெள்ளையை அழுக்காக்கவும்
எனக்குத்தான் சம்பளம்.
படத்தின் பொருட்காரி நான், ஞகுதீ.
பொய்முடி மூன்று, கறுப்பு அங்கி இரண்டு,
மரத்தில் கடைந்து பித்தளை நிறம் பூசிய
துப்பாக்கி ரவை ஒன்று.
கதைப்படி
அந்த ஒன்றுக்குத்தான் தூக்கு.

இயக்குநர் சுத்தியல் கேட்டார்.
இந்த மேசையில் சுத்தியல் இருந்ததே இல்லை என்றேன்.
பதிவறையில் கட்டுப் பிரித்துப் பார்த்திருந்தேன்.
தீர்ப்பின் கடைசித் தாளில்
கையெழுத்துக்குப் பக்கத்தில் ஒரு நீல வட்டம்,
பேனா மூடியைக் கவிழ்த்து வைத்த இடம்.
எழுதி முடித்ததும் மூடியிருப்பார்.
டிக்.
அவ்வளவுதான் சத்தம்.

"டிக்கை நம்பி எவன் டிக்கெட் வாங்குவான்?"
எல்லோரும் சிரித்தார்கள். நானும்.
மறுநாள் சந்தையில்
இறைச்சி தட்டும் கட்டை ஒன்று வாங்கி
மெருகேற்றிக் கொடுத்தேன்.

கைதி வேஷம் கதேங்கேவுக்கு.
மத்தத்து வண்டியில் தொங்கிக்கொண்டு
ஊர்ப் பெயர் கூவுகிறவன்; நல்ல தொண்டை.
"உன் மொழியில் எதையாவது பேசு,
துக்கமாகப் பேசு,
கீழே எழுத்துப் போட்டுக்கொள்கிறோம்."

பேசினான்.
அந்தக் கட்டில் இன்னொரு தாள் உண்டு.
நிஜக் கைதி ஒருவனின் வாக்குமூலம்
இருக்க வேண்டிய கட்டத்தில்
மொழிபெயர்ப்பாளன் சொன்னதாக ஒரே வரி:
கைதி நீண்ட நேரம் பேசினார்.
பொருத்தமானது ஏதுமில்லை.

படத்தில் சுத்தியல் விழுந்த மறுகணம் காடு வருகிறது.
நான்கு நொடி.
முரசு, எக்காளம், தீப்பந்தம்.
நான்கு நொடியில் ஒரு மாவட்டமே மலையேறிவிடுகிறது.
எனக்குத் தெரிந்த கதையில்
ஒருவன் சைக்கிளை விற்றுக் கடனை அடைத்தான்,
இருட்டியதும் கிளம்பினான்,
பாதி வழியில் நின்றான்,
திரும்பி வந்து
கோழிக்கூட்டைச் சாத்திவிட்டு மறுபடி போனான்.
அவன் போன வழியில்
பெண்கள் மாவுப் பொட்டலத்தை
விறகுக்கட்டுக்குள் செருகிக் கொண்டுபோனார்கள்,
இரண்டு வருஷம்.
இதை எழுதித் தந்தேன்.
"அழகு. ஆனால் நீளம்" என்றார்கள்.

கரத்தினா பந்துத் திடலில் முதல் காட்சி.
கோல் கம்பத்தில் கட்டிய திரை காற்றில் உப்பி
நீதிபதிக்குத் தொப்பை வந்து போயிற்று.
முன்வரிசை நாற்காலிகளில் வெளிநாட்டு விருந்தினர்,
பின்னால் புல்லில் ஊர்.

திரையில் கதேங்கே, கண்ணீர் வழிய.
கீழே எழுத்து:
நான் குற்றமற்றவன். என் மண் அறியும்.
முன்வரிசை கைக்குட்டையைத் தேடியது.
புல்தரை
குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது.

கிகூயுவில் அவன் சொன்னது இது:
"மூன்று நாள் கூலி இன்னும் வரவில்லை.
மத்தியானக் கிதேரியில் வண்டு.
விலங்கு காலை அறுக்கிறது,
யாராவது கழற்றுங்கள் ஐயா,
மூத்திரம் முட்டுகிறது."

விருந்தினர் திரும்பிப் பார்த்தார்கள்.
சாவுக்குச் சிரிக்கிற ஜனங்கள் என்று
நினைத்திருக்கலாம்.
சுத்தியல் விழுந்தது.
சிரிப்பு அடங்கவேண்டிய இடம் அது.
அடங்கியது, ஆனால் வேறு மாதிரி.

பின்னாலிருந்து ஒரு குரல்:
"மூன்று நாள் கூலி!"
கைதிகளாக நின்ற நாற்பது பேரும்
காவலர்களாக நின்ற பதினாறு பேரும்
அங்கேதான் உட்கார்ந்திருந்தார்கள்.
மூன்று நாள் கூலி.
திரையில் எக்காளம் ஊதிக்கொண்டிருந்தது,
யாரும் கேட்கவில்லை.
புல்லிலிருந்து எழுந்தார்கள்,
ஒட்டிய புல்லைத் தட்டினார்கள்.
அவசரம் ஒன்றுமில்லை.

ஐம்பத்தாறு பெயருக்கும் நேரே
"கூலி பட்டுவாடா ஆயிற்று" என்றிருந்த தாளில்
அடுத்த வாரம் தருவார்கள் என்று சொல்லக் கேட்டு
கையெழுத்துப் போட்டவள் நான்.
போட்டுவிட்டு
மூடியிருக்கிறேன்.
அந்தச் சத்தம்
அன்றைக்கு என் காதில் விழவில்லை.

கூட்டம் நாற்காலிகளைத் தாண்டி வருகிறது.
முன்னால் கதேங்கே,
காலில் இன்னும் ஆறாத வளையத் தழும்பு.
"ஞகுதீ" என்கிறான்,
ஊர்ப் பெயர் கூவுகிற அதே தொண்டையில்.